அக்காவின் ஒரே வசனமும் என் வீட்டு எடிட்டரும்

பிரிட்டிஷ் சினிமா எடிட்டர் என்ற ஜீவனை நீங்கள் பகல் வெளிச்சத்தில் பார்த்திருக்க வாய்ப்பில்லை. லண்டனில் சோஹோ பக்கம், இத்தாலியர் காபிக் கடைக்கும் பெயர் சொல்லக் கூசும் வேறு சில கடைகளுக்கும் மேலே, ஜன்னலில் கறுப்புத் துணி அடித்த மாடி அறையில் அது வசிக்கும். காளான் நிறம். கழுத்தில் மாலை போலப் பிலிம் துண்டுகள், காதிடுக்கில் மெழுகுப் பென்சில், கம்பளிச் சட்டை முழுக்க பிஸ்கட் தூள். மத்தியானம் சாண்ட்விச் வாங்க வெளியே வந்தால், யாரோ தன் அனுமதி இல்லாமல் விளக்கைப் போட்டுவிட்ட மாதிரி வானத்தைப் பார்த்துக் கண்ணைச் சுருக்கும். நான் ஒன்றைக் கல்யாணம் செய்துகொண்டு இருபது வருஷமாகக் குடித்தனம் நடத்துகிறேன். ஆகவே இதன் பழக்கவழக்கங்களைப் பற்றிச் சொல்ல எனக்குக் கொஞ்சம் தகுதி உண்டு.

என் வீட்டில் இருப்பதன் பெயர் டெஸ்மண்ட்.

எடிட்டர் ஆகவேண்டும் என்று யாரும் கிளம்பி வருவதில்லை. சினிமா ஆசையில் ஸ்டூடியோ வாசலுக்கு வருகிறவர்களில் முகம் எடுப்பாக இருப்பவர் நடிகராகிறார், குரல் பெரிதாக இருப்பவர் டைரக்டராகிறார், மாமனார் பெரிதாக இருப்பவர் தயாரிப்பாளராகிறார். மிச்சப்பட்டவரைக் கூப்பிட்டு, "டீ போடத் தெரியுமா?" என்று கேட்கிறார்கள். டெஸ்மண்டுக்குத் தெரிந்திருந்தது. அப்புறம் பிலிம் டப்பா சுமந்தார், துண்டுகளுக்கு எண் போட்டார், ஒரு யுத்தப் படத்துக்காகக் குளிர்காலம் முழுவதும் பீரங்கிப் புகையும் பீரங்கிச் சத்தமும் ஒன்றாக வரும்படி ஒட்டிக்கொண்டே இருந்தார். ஒருநாள் பெரிய எடிட்டருக்கு இடுப்பு பிடித்துக்கொண்டது. பதவி உயர்வு வந்தது. இன்னொருவருடைய இடுப்புவலியில் உதித்த தொழில் வாழ்க்கை அது.

அந்த வேலையில் அவர் என்னதான் செய்கிறார் என்கிறீர்களா? டைரக்டர் ஊரெல்லாம் சுற்றி, ஒரே காட்சியை முன்னாலிருந்தும் பின்னாலிருந்தும் மரத்தின் மேலிருந்தும் எடுத்து, மலை மலையாகக் கொண்டுவந்து கொட்டுகிறார். எடிட்டர் அதில் பத்தில் ஒன்பது பங்கைத் தூக்கி எறிகிறார். மிஞ்சியதைப் பார்த்து ஜனங்கள், "ஆஹா, டைரக்டர் எப்படி எடுத்திருக்கிறார்!" என்கிறார்கள். எடிட்டரின் பெயர் திரையில் வரும் நேரம், எல்லோரும் கோட்டைக் கழற்றி மடியில் போட்டுக்கொண்டு மிட்டாய்ப் பொட்டலத்தைப் பிரிக்கும் நேரம். டெஸ்மண்டின் பெயரை நான் இதுவரை சரசரப்புச் சத்தம் இல்லாமல் படித்ததில்லை.

எறிகிற பழக்கம் அறையோடு நின்றால் பரவாயில்லை. வீட்டுக்கும் வருகிறது.

ஒரு சாயங்காலம் இறைச்சிக் கடையில் நடந்ததை அவரிடம் சொல்ல ஆரம்பித்தேன். "காலையில கிளம்பறப்ப தூறலா இருந்துச்சு, சரி குடை எதுக்குன்னு விட்டுட்டுப் போனேன், பஸ் ஸ்டாப்புல பார்த்தா…"

"கடையிலேர்ந்து ஆரம்பி," என்றார்.

"குடை இல்லாததாலதானே கடைக்குள்ள ஒதுங்கினேன்!"

"நனைஞ்ச தலையோட நீ கடைக்குள்ள நுழையற. மழைன்னு எனக்கே புரிஞ்சுடும்."

"அப்ப குடை?"

"குடை வேணுமா நமக்கு?"

இந்த "வேணுமா நமக்கு?" என்பதைக் கேட்டு வளர்ந்ததால்தான் எங்கள் பிள்ளைகள் இரண்டும் தந்தி பாணியில் பேசுகின்றன.

அவர்கள் தொழிலில் ஒரு விதி உண்டு. காட்சிக்குள் தாமதமாக நுழைய வேண்டும், சீக்கிரமாக வெளியேறிவிட வேண்டும். திரையில் அது அழகாகத்தான் இருக்கிறது. எங்கள் கல்யாணத்துக்கு டெஸ்மண்ட் வந்து சேர்ந்தபோது பாதிரியார் முக்கியமான கேள்விக்கு வந்துவிட்டிருந்தார். விருந்துகளில் இன்னும் மோசம். எங்கள் ஊரில் விருந்தாளி விடைபெறுவதே ஒரு தனி விருந்து. முதலில் இரண்டு முழங்கால்களையும் தட்டி, "சரி, அப்ப…" என்று சொல்ல வேண்டும், சொல்லிவிட்டு எழுந்திருக்கக் கூடாது, பிறகு எழுந்து கோட்டை மாட்டிக்கொண்டு நடையில் நின்றபடி வீட்டுக்காரரின் மூட்டுவலியை முழுவதும் விசாரிக்க வேண்டும், வாசலில் ஒருமுறை, கேட்டருகில் ஒருமுறை, காருக்குள் உட்கார்ந்து கண்ணாடியை இறக்கி ஒருமுறை. டெஸ்மண்ட் முழங்காலைத் தட்டிய மறுகணம் தெருவில் இருப்பார். நான் நடையில் நின்று அவர் பங்கு மூட்டுவலியையும் சேர்த்து விசாரித்துவிட்டுப் போவேன்.

வெட்டுவதில் இத்தனை வேகம் என்றால் பெரிய தைரியசாலி என்று நினைப்பீர்கள். அந்த இருட்டறைக்குள் அப்படித்தான். ராணியிடம் பட்டம் வாங்கிய ஒரு நடிகர், சாகும் காட்சியில் நீளமாக ஒரு பிரசங்கம் செய்திருந்தார். டெஸ்மண்ட் அவரை முதல் இருமலிலேயே சாகடித்துவிட்டார். ஆனால் அறைக்கு வெளியே? பால்காரரிடம் ஒரு பாட்டில் குறைத்துப் போடச் சொல்ல நாக்கு எழாமல், ஒரு பருவம் முழுக்க எங்களைப் பால் புட்டிங் சாப்பிடவைத்த மனிதர் இவர். இருட்டில் இருக்கிற வரைக்கும் புலி. எதிரே உயிருள்ள முகம் ஒன்று வந்து நின்றால், "மழை வரும்போல இருக்கே" என்பார்.

இந்தப் புலியிடம்தான் மியூரியல் அக்கா மாட்டிக்கொண்டாள்.

என் அக்கா மியூரியல் லண்டன் ஓரத்து ஹாரோவில் ஒரு பல் டாக்டரிடம் வரவேற்பு மேசையில் வேலை பார்க்கிறாள். உயிர் மட்டும் ஊர் நாடக மன்றத்தில் இருக்கிறது. அங்கே நாடகம் எதுவானாலும் கதாநாயகி திருமதி ஹில்டா பிராத்வெயிட். மன்றத்தின் தலைவியும் அவளே என்பதால் தேர்வு செய்வதில் சிரமம் இல்லை. அக்காவுக்கு எப்போதும் வேலைக்காரி வேஷம். தட்டோடு வருவாள், "சாப்பாடு தயார், அம்மா" என்பாள், தட்டோடு போய்விடுவாள்.

ஒருநாள், டெஸ்மண்ட் அடுத்து வேலை செய்யவிருந்த படத்தின் டைரக்டர் பெரெக்ரின் எங்கள் வீட்டுக்குச் சாப்பிட வந்தார். அக்காவும் இருந்தாள். பல் வலி என்று அவர் விளையாட்டாகச் சொல்ல, "டாக்டர் அடுத்த மாசம்தான் பாப்பார்" என்று அக்கா தன் வரவேற்பு மேசை முகத்தோடு சொன்னாள். அவர் கையிலிருந்த முள்கரண்டி அப்படியே நின்றது. அவருடைய படத்தில் ஓர் ஆஸ்பத்திரி வருகிறது. அப்பா சாகக் கிடக்கிறார். சண்டை போட்டுக்கொண்டு போன மகன் கடைசியில் மனம் மாறி ஓடி வருகிறான். வரவேற்பு மேசையில் ஒரு பெண்மணி அவனை நிறுத்தி, "பார்வையாளர் நேரம் முடிஞ்சிருச்சு. நாளைக்கு வாங்க" என்கிறாள். உள்ளே போனால் கட்டில் காலி.

"அந்தப் பெண்மணி நீங்கள்தான்," என்றார் பெரெக்ரின்.

அன்றிலிருந்து அந்த ஒற்றை வசனம் எங்கள் குடும்பத்தில் ஓர் அங்கத்தினர் ஆயிற்று. அக்கா அதைக் கோபமாகச் சொல்லிப் பார்த்தாள், களைப்பாகச் சொல்லிப் பார்த்தாள், என் சமையலறையில் உருளைக்கிழங்கு உரித்துக்கொண்டே கிசுகிசுப்பாகச் சொல்லிப் பார்த்தாள். "உனக்குப் புரியாதுடி. அந்த 'நாளைக்கு'ங்கற ஒரு வார்த்தையிலதான் மொத்தப் படமும் இருக்கு. அவனுக்கு நாளைக்கே கிடையாது பாரு. அதனால அதுக்கு முன்னாடி ஒரு மூச்சு."

படப்பிடிப்பு முடிந்த கையோடு மன்றத்தில் போய்ச் சொல்லிவிட்டாள். இலையுதிர் காலத்துக்கு ராணி நாடகம் போடுகிறார்கள். ராணி வேஷம் தனக்கு வேண்டும், இல்லாவிட்டால் இனிமேல் தட்டைத் தூக்குவதாக இல்லை என்று. ஹில்டா சிரித்துக்கொண்டே, "படம் வரட்டுமே. பார்த்துட்டு முடிவு பண்ணலாம்," என்றாளாம். படத்தில் வேலை செய்தவர்களுக்காக ஞாயிற்றுக்கிழமை காலையில் தியேட்டரில் தனியாகப் போட்டுக் காட்டுவது இங்கே வழக்கம். அதற்கு அக்கா ஹில்டாவையும் அழைத்துவிட்டாள்.

அந்த ஞாயிற்றுக்கு முந்தைய வாரம், ஒருநாள் இரவுச் சாப்பாட்டுக்கு அப்புறம், டெஸ்மண்ட் யாரும் சொல்லாமலே பாத்திரம் கழுவினார்.

நான் குழாயை மூடினேன். "என்னத்த வெட்டினே?" என்றேன்.

"ஒண்ணுமில்லையே."

"டெஸ்மண்ட்."

அவர் ஒரே தட்டைத் திருப்பித் திருப்பித் துடைத்தார். "வரவேற்பு மேசை."

"அக்காவோட காட்சியவா?"

"நல்லாத்தான் பண்ணியிருக்காங்க. அதான் தொந்தரவே. பையன் மூச்சிரைக்க ஓடி வரான். ஜனங்க மனசெல்லாம் அப்பா மேல. அந்த நேரத்துல உன் அக்கா அவனை நிறுத்திப் பேசறாங்க. ஜனங்க அப்பாவ மறந்துட்டு, இந்த அம்மா யாரு, கண்ணாடி எங்க வாங்கினதுன்னு பாக்க ஆரம்பிச்சுடறாங்க. எடுத்துட்டா? ஓடறான், கட்டில் காலி. ஒரே அடி."

"ஒரே ஒரு வசனம் டெஸ்மண்ட். அதுக்குக்கூடவா இடமில்ல?"

"வசனம் ஒண்ணுதான். மூச்சு நாலு இருக்கே."

"அவகிட்ட சொன்னியா?"

"படமே அது வேண்டாங்குது. நான் என்ன பண்ண?"

கவனியுங்கள். வெட்டியவர் யாரும் இல்லை. படமே எழுந்து வந்து கத்திரிக்கோலை எடுத்துக்கொண்டு வேலையை முடித்துவிட்டுப் போய்விட்டது. இந்த இனத்தின் வாயிலிருந்து எந்தக் கொலைக்கும் வேறு விளக்கம் வராது.

சொல்லும் பொறுப்பை அவர் முதலில் டைரக்டரிடம் தள்ளினார். பெரெக்ரினும் இந்த ஊர்க்காரர்தானே? அவர் வருத்தம் தெரிவிக்கும் விதமாக அக்காவுக்கு ஒரு பெரிய பூங்கொத்து அனுப்பிவைத்தார். எதற்கு வருத்தம் என்பதைச் சொல்வது நாகரிகமில்லை என்பதால் சொல்லவில்லை. அக்கா அதைப் பல் டாக்டரின் மேசையில் வைத்து, வாய் வீங்கி வந்தவர்களுக்கெல்லாம் காரணம் சொன்னாள்.

அடுத்து டெஸ்மண்ட் என்னிடம் ஒரு திட்டத்தோடு வந்தார். எடிட்டர் மூளையைத் தவிர வேறெந்த மூளைக்கும் இது தோன்றாது. "ஆஸ்பத்திரி வரதுக்குக் கொஞ்சம் முன்னாடி நீ அவங்கள வெளிய டீ குடிக்கக் கூட்டிட்டுப் போயிடு. திரும்பி வந்ததும், 'அடடா, இப்பதான் உன் காட்சி போச்சு, என்னமா இருந்துச்சு'ன்னு சொல்லிடு."

"ஹில்டா பக்கத்துலயே உக்காந்திருப்பாளே?"

யோசித்தார். "ஹில்டா டீ குடிப்பாங்களா?"

படத்தில் வெட்ட முடிந்த மனிதருக்கு, பார்க்க வருகிறவர்களையும் வெட்டிவிடலாம் என்ற நம்பிக்கை! எனக்கு வந்த கோபத்தில் வாய்க்கு வந்ததைச் சொன்னேன். "இத்தன வருஷமா தட்டு தூக்கினவ அவ. ஒரு தடவ தலைநிமிந்து ராணியா நிக்கணும்னு ஆசைப்படறா. ஒண்ணு, நாளைக்கு ஹாரோ போய் அவ முகத்தப் பார்த்துச் சொல்லு. இல்ல, எடுத்தத ஒட்டு."

"ஒட்டினா படம் செத்துடும்."

"ஒட்டாட்டி நீ செத்துடுவ."

சனிக்கிழமை மத்தியானம் சோஹோவுக்குப் போனார். நானும் கூடவே போனேன், தப்பித்து ஓடாமல் இருக்க. அந்த அறையில் வெட்டிய துண்டுகளையெல்லாம் வரிசையாகக் கொக்கிகளில் தொங்கவிட்டிருப்பார்கள், கீழே துணி தைத்த பெரிய தொட்டி. வேண்டாமென்று எறிந்ததை இவர்கள் உண்மையில் எறிவதே இல்லை. அவர் அக்காவின் துண்டுகளை ஒவ்வொன்றாக எடுத்துச் சின்னத் திரையில் ஓட்டினார். ஒவ்வொன்றிலும் அக்கா வசனத்துக்கு முன்னால் ஒரு மூச்சு, நடுவில் இரண்டு, முடிவில் ஒன்று விட்டாள். "பாரு, முடியாது. பாரு, முடியவே முடியாது" என்று டெஸ்மண்ட் முனகிக்கொண்டே இருந்தார். எனக்கும் முடியாது என்றுதான் தெரிந்தது. ஆனாலும், "அடுத்ததப் போடு," என்றேன்.

அப்போது ஒரு துண்டு, வசனம் முடிந்த பிறகும் ஓடிக்கொண்டிருந்தது.

டைரக்டர் "போதும்" என்று கத்திய பிறகும் கேமரா சற்று நேரம் ஓடும். நடிகர்களுக்கு அது நினைவிருக்காது. எடிட்டர்களுக்கு அந்த வால்தான் உயிர், ஏனென்றால் அதில் யாரும் நடிப்பதில்லை. "போதும்" என்ற குரல் கேட்டதும் அக்காவின் முகத்திலிருந்து அந்த வரவேற்பு மேசைப் பெண்மணி இறங்கிப் போய்விட்டாள். மகனாக நடித்த பையன் நிற்காமல் நடந்து போய்விட்டிருக்கிறான். அவன் போன திசையைப் பார்த்து அக்கா கையைத் தூக்கினாள், கூப்பிடப் போகிற மாதிரி. வாய் திறந்தது. கூப்பிடவில்லை. கை மெதுவாகக் கீழே இறங்கியது.

டெஸ்மண்ட் அதை மறுபடி ஓட்டினார். மெழுகுப் பென்சிலால் இரண்டு கோடு, ஒரு வெட்டு, ஓடுகிற பையனுக்கும் காலிக் கட்டிலுக்கும் நடுவில் ஒட்டி, ஓட்டிக் காட்டினார். பையன் மேசையைக் கடந்து ஓடுகிறான். கண்ணாடி போட்ட ஒரு பெண்மணிக்கு விஷயம் தெரிந்திருக்கிறது. சொல்லக் கை தூக்குகிறாள், மனம் வராமல் விட்டுவிடுகிறாள். கட்டில் காலி.

இன்னொரு தடவை ஓட்டச் சொன்னேன். டெஸ்மண்ட், "ம்," என்றார். அவரிடமிருந்து அதற்கு மேல் பாராட்டு ராணிக்கும் கிடைக்காது.

"வசனம்?" என்றேன்.

"வசனம் வேணுமா நமக்கு?"

"எனக்கு வேணாம். அவளுக்கு வேணும். போன் பண்ணிச் சொல்லு."

போனை எடுத்தார். "மியூரியல், நாளைக்கு மழை வரும்போல இருக்கு. குடை எடுத்துட்டு வந்துடுங்க," என்று சொல்லிவிட்டு வைத்துவிட்டார்.

ஞாயிறு காலை அக்கா புதுத் தொப்பி வைத்துக்கொண்டு வந்தாள். பின் வரிசையில் கேமராக்காரரின் குடும்பம் முழுவதும் கழுத்தைச் சாய்த்து உட்கார வேண்டியிருந்தது. ஒரு பக்கம் ஹில்டா, மறுபக்கம் நான், எனக்கப்பால் டெஸ்மண்ட், வெளியேறும் வழிக்குப் பக்கத்து இருக்கை. ஆஸ்பத்திரி வந்தது. அக்கா என் கையைப் பிடித்தாள். பையன் ஓடினான். அக்காவின் உதடு இங்கே அசைய ஆரம்பித்தது: "பார்வையாளர் நேரம்…" திரையில் அக்கா வந்தாள், கை தூக்கினாள், கையை இறக்கினாள், போய்விட்டாள். இங்கே அக்காவின் வாய் பாதி வசனத்தில் நின்றது. தியேட்டரில் யாரோ மூக்கைச் சிந்தினார்கள். அப்புறம் இன்னும் இரண்டு பேர். அக்காவின் நகம் என் கையில் பதிந்த அடையாளம் புதன்கிழமை வரை இருந்தது.

வெளியே வந்ததும் அவள் டெஸ்மண்டைக் காபி மேசைக்கும் சுவருக்கும் நடுவில் நிறுத்திவிட்டாள். "எங்க என் வசனம்?"

"மியூரியல், உங்க முகமே எல்லாத்தையும்…"

"எந்த முகம்? அப்ப நான் நடிக்கவே இல்ல! நாலாவது மூச்சு சரியா விழல, இன்னொரு தடவ எடுங்கன்னு சொல்ல அந்தப் பையனைக் கூப்பிடப் போனேன். அவன் பாட்டுக்கு சிகரெட் பிடிக்கப் போயிட்டான்! அந்த மூஞ்சியவா ஊருக்கே காட்டியிருக்க?"

டெஸ்மண்ட் ஜன்னல் பக்கம் பார்த்தார். வானத்தைப் பற்றி ஏதோ சொல்ல வாயெடுத்திருப்பார். அதற்குள் ஹில்டா பிராத்வெயிட் வந்துவிட்டாள். கைக்குட்டை ஈரம். கண் சிவப்பு.

"மியூரியல்," என்றாள். அந்தப் பெயரை முழுசாக அவள் உச்சரித்து நான் அன்றுதான் கேட்டேன். "நீ நடிக்கற மாதிரியே தெரியலடி. இத்தன வருஷமா உனக்கு வசனம் குடுத்து நாங்கதான் உன்னைக் கெடுத்திருக்கோம். ராணி நீதான். வசனத்த மட்டும் நான் கொஞ்சம் குறைச்சுடறேன்."

அக்கா டெஸ்மண்டைப் பார்த்தாள். ஹில்டாவைப் பார்த்தாள். தொப்பியைச் சரிசெய்துகொண்டாள். அவளுக்கு அது போதுமான அவகாசமாக இருந்தது.

"வசனம் இருந்துச்சு ஹில்டா," என்றாள் மெதுவாக. "நான்தான் டைரக்டர்கிட்ட வேண்டாம்னேன். 'எதுக்குங்க வசனம்? முகத்துலயே கொண்டு வந்துடறேன்'னு சொன்னேன். அப்புறம் வீட்டுக்குப் பூவெல்லாம் அனுப்பினார், பாவம்."

நான் டெஸ்மண்டைத் திரும்பிப் பார்த்தேன். எங்கள் பிள்ளைகள் பிறந்தபோதுகூட அந்த முகத்தில் அத்தனை வெளிச்சத்தை நான் பார்த்ததில்லை. என் காதருகே குனிந்து, "பாத்தியா? நாலு மூச்சு, சிகரெட், கோபம், எல்லாத்தையும் உன் அக்கா தூக்கிட்டாங்க. எங்க ஒட்டியிருக்குன்னு சொல்லு பாப்போம்," என்றார்.

தேடிப் பார்த்தேன். தெரியவில்லை. இன்று அந்தக் கதை ஹாரோவில் அக்கா சொன்ன வடிவத்தில்தான் ஓடுகிறது. பெரெக்ரினே ஒரு பேட்டியில் அப்படித்தான் சொன்னார். அக்கா சத்தியம் செய்துகூடச் சொல்வாள், பொய்ச் சத்தியமாக இருக்காது. வெட்டிய துண்டு எங்கே விழுந்தது என்று அவளுக்கே இப்போது தெரியாது.

நீங்கள் சிரிக்கிறீர்கள். சிரியுங்கள். சோஹோ எங்கே, நாம் எங்கே, பிலிமைக் கையால்கூடத் தொட்டதில்லையே என்று நினைக்கிறீர்கள். சென்ற வாரம் உங்கள் வீட்டில் ஒரு சண்டை நடந்தது. மறுநாளே அதை நெருங்கிய ஒருவரிடம் சொன்னீர்கள், அவரும் "அடப்பாவமே" என்று உங்கள் பக்கம் சேர்ந்துகொண்டார். எதிராளி சொன்னதை ஒரு வார்த்தை விடாமல், குரல் ஏற்ற இறக்கத்தோடு சொன்னீர்கள். நன்றாகத்தான் சொன்னீர்கள். ஆனால் அவர் அப்படிச் சொல்வதற்குச் சற்று முன்னால் நீங்கள் ஏதோ ஒன்று சொன்னீர்களே, அது எங்கே?